கேள்வி – பதில்: வந்து சேர்ந்தவர்களா, விலக்கப்பட்டவர்களா?

கேள்வி: தன்பாலீர்ப்பு என்பது ஒருவர் யாரை விரும்புகிறார் என்பதைப் பற்றியது, திருநர் பிரச்சினையோ ஒருவர் தம்மை யாராக உணர்கிறார் என்பதைப் பற்றியது. இரண்டும் எப்படி ஒரே இயக்கமாயின? திருநர் பிற்காலத்தில் வந்து ஒட்டிக்கொண்டவர்கள் என்கிறார்களே, உண்மையா? (வாசகர், கும்பகோணம்)

பதில்: உண்மையல்ல. நீங்கள் காட்டும் வேறுபாட்டை 1960களின் அமெரிக்கக் காவல்துறை பார்க்கவில்லை. ஆணோடு நடனமாடிய ஆணையும், பெண்ணுடை உடுத்தி வந்தவரையும் ஒரே விடுதியில் பிடித்து ஒரே வண்டியில் ஏற்றியது. 1966 ஆகஸ்டில், சான் பிரான்சிஸ்கோவின் காம்ப்டன் உணவகத்தில், பிடிக்க வந்த காவலர் முகத்தில் ஒரு திருநங்கை காப்பியை வீசியதும் கலவரம் மூண்டது. இந்த இயக்கத்தின் தொடக்கமாகப் பலரும் சொல்லும், நியூயார்க்கின் ஸ்டோன்வால் மதுவிடுதிக் கலவரம் நடந்தது அதற்கு மூன்றாண்டுகள் கழித்து, 1969 ஜூன் 28 அன்று.

ஸ்டோன்வாலில் முதல் கல்லை எறிந்தவர் திருநர் போராளி மார்ஷா பி. ஜான்சன் என்ற கதையை நான் ஏற்பதில்லை. கலவரம் தொடங்கிய பிறகே தாம் அங்கு வந்ததாக அவரே சொல்லியிருக்கிறார். அவர் பெருமைக்கு அந்தக் கல் தேவையுமில்லை. 1970இல் அவரும் அவருடைய தோழியான திருநங்கை சில்வியா ரிவேராவும் ‘ஸ்டார்’ என்ற அமைப்பைத் தொடங்கி, வீட்டைவிட்டுத் துரத்தப்பட்டுத் தெருவில் கிடந்த இளைஞர்களுக்குத் தங்குமிடமும் உணவும் கொடுத்தார்கள். அதற்கான பணத்தைத் தாங்களே பாலியல் தொழிலில் ஈட்டினார்கள்.

இவ்வளவுக்குப் பிறகும், 1973இல் வாஷிங்டன் சதுக்கப் பூங்காவில், ஸ்டோன்வால் நினைவாக ஆண்டுதோறும் நடக்கும் பேரணியின் கூட்டத்தில் ரிவேரா மேடையேறியபோது, சொந்த இயக்கத்தாரே கூச்சலிட்டு அவரை இறக்கப் பார்த்தனர். அவர் இறங்கவில்லை, சிறையில் அடிபட்டுக் கிடக்கும் தம்மவர்களுக்காக நீங்கள் என்ன செய்தீர்கள் என்று கேட்டுவிட்டுத்தான் இறங்கினார். பெண்வேடம் பூணுவது பெண்களை இழிவுபடுத்துவது என்று அதே மேடையில் வாதிட்ட பெண் தன்பாலீர்ப்பாளர் ஜீன் ஓ’லியரி பின்னாளில் அதற்காக வருந்தினார்.

ஆனால், வருத்தம் சட்டமாக மாறவில்லை. தன்பாலீர்ப்பாளருக்கு எதிரான பாகுபாட்டைத் தடுக்கும் மசோதா நியூயார்க் மாநிலத்தில் பேசப்பட்டபோது, திருநரையும் சேர்த்தால் மசோதாவே தோற்றுவிடும் என்று கணக்குப் போட்டார்கள். அந்தக் கணக்கை எதிர்த்து மருத்துவமனைப் படுக்கையிலிருந்தும் வாதாடிய ரிவேரா 2002 பிப்ரவரியில் காலமானார். அவ்வாண்டு டிசம்பரில், திருநரை விட்டுவிட்டு, அச்சட்டம் நிறைவேறியது. பாலின அடையாளத்துக்கும் அதே பாதுகாப்பைத் தரும் சட்டம் அம்மாநிலத்தில் கையெழுத்தானது 2019 ஜனவரியில்.