நான்கு மூளைகளில் தொடங்கிய ஆய்வு: டிஸ்லெக்சியா கேள்வி பதில்

டிஸ்லெக்சியா என்பது வாசிக்கக் கற்பதில் வரும் தொடர்ந்த தடுமாற்றம். அதன் வேரை மூளையில் தேடிய பாஸ்டன் நரம்பியலாளர் ஆல்பர்ட் கலபுர்டாவின் ஆய்வுகளைப் பற்றி வந்த கேள்விகளும் பதில்களும்.

கேள்வி: எழுத்து வந்தே ஐயாயிரம் ஆண்டுதான் ஆகிறது. பரிணாமத்துக்கும் டிஸ்லெக்சியாவுக்கும் என்ன சம்பந்தம்?

பதில்: வாசிப்புக்கென்று மூளையில் தனி உறுப்பு உருவாக அந்தக் காலம் போதாது. பேச்சைக் கேட்கவும் உருவங்களை இனம்காணவும் முன்பே இருந்த பகுதிகளைத்தான் வாசிப்பு இரவல் வாங்குகிறது. ‘டிஸ்லெக்சியா மரபணு’ என்று செய்தியில் வந்தால், ‘மூளை வளர்ச்சிக்கான பழைய மரபணு’ என்று திருத்திப் படியுங்கள்.

கேள்வி: இடப்பக்க மூளை பெரிதாக இருப்பதால்தான் மனிதன் பேசுகிறான் என்பார்களே?

பதில்: அந்த எண்ணத்துக்கு வலுச் சேர்த்தது 1968 ஆய்வு. நார்மன் கெஷ்விண்டும் வால்டர் லெவிட்ஸ்கியும் 100 மூளைகளில் பேச்சைக் கேட்டுப் புரிந்துகொள்வதோடு தொடர்புள்ள பிளானம் டெம்பொராலே என்ற பகுதியை அளந்தார்கள். 65-ல் இடப்பக்கம் நீளம், 11-ல் வலப்பக்கம், மற்றவற்றில் சமம். கலபுர்டா கெஷ்விண்டின் வழி வந்தவர். ஆனால் 1998-ல் 18 சிம்பன்சி மூளைகளை அளந்தபோது 17-ல் இடப்பக்கமே பெரிதாக இருந்தது. சிம்பன்சி பேசுவதில்லையே!

கேள்வி: நுண்ணோக்கியில் அவர் கண்டது என்ன?

பதில்: 1979-ல் தாமஸ் கெம்பருடன் டிஸ்லெக்சியா இருந்து இறந்த ஓர் இளைஞரின் மூளை, 1985-ல் அத்தகைய மொத்தம் நான்கு ஆண்களின் மூளைகள். நான்கிலும் பிளானம் இருபுறமும் சமமாக இருந்தது. மூளையின் மேலுறையான புறணியின் முதல் அடுக்கில் நியூரான்கள் (நரம்பு செல்கள்) அநேகமாக இருக்கக்கூடாது. இங்கே கூடுகூடாக இருந்தன, பெரும்பாலும் இடப்பக்கப் பேச்சுப் பகுதிகளை ஒட்டி. நியூரான்கள் தம் இடத்துக்கு நகர்வது பெரும்பாலும் கர்ப்பத்தின் நடுப்பகுதியில். ஆகவே குழந்தை முதல் எழுத்தைப் பார்ப்பதற்கு வெகு முன்னாலேயே கோளாறு நேர்ந்தது.

இதற்கு முழு மூளையையும் செல்லாய்டின் என்ற கெட்டிப்படும் பொருளில் பதித்து, சுமார் 35 மைக்ரான் தடிமனில் வரிசை பிசகாமல் சீவ வேண்டும். பாரஃபின் மெழுகுக்குச் சூடு வேண்டும், இதற்குத் தேவையில்லை, அதனால் திசு அதிகம் சுருங்காது. விலை பொறுமை: மாதக்கணக்கில் ஆகும். சந்தேகப்படும் இடத்தை மட்டும் வெட்டிப் பார்த்தால் அந்தச் சின்னக் கூடுகள் தப்பிவிடும்.

கேள்வி: நான்கு மூளை போதுமா?

பதில்: போதாது. சாதாரண மூளைகளிலும் இத்தகைய கூடுகள் எப்போதாவது தென்படும். எம்.ஆர்.ஐ. வந்தபின் ‘சமமான பிளானம்’ சில ஆய்வுகளில் கிடைத்தது, சிலவற்றில் கிடைக்கவில்லை. அதனால்தான் எலிக்குப் போனார்கள். பிறந்து ஒரு நாளான எலிக்குட்டியின் மண்டையோட்டில் குளிர்முனையை வைத்தால் புறணியில் சின்னக் கோணல் மடிப்பு உண்டாகும். சில நாள் தாமதித்தால் நகர்வு முடிந்துவிடும், மடிப்பும் வராது. அப்படிப்பட்ட ஆண் எலிகள் அடுத்தடுத்து வேகமாக வரும் ஒலிகளைப் பிரித்தறியத் திணறின (1994); பெண் எலிகள் திணறவில்லை (1997). பாலினத்தைப் பிரிக்காமல் சராசரி எடுத்திருந்தால் இந்த வேறுபாடு மங்கிப்போயிருக்கும்.

கேள்வி: மரபணு ஆய்வு அவர் பக்கமா?

பதில்: பாதி. 2003-ல் ஃபின்லாந்தில் டிஸ்லெக்சியாவோடு தொடர்புள்ளதாகக் கருதப்பட்ட டிஒய்எக்ஸ்1சி1 என்ற மரபணு கிடைத்தது. பிறகு டிசிடிசி2, கேஐஏஏ0319. எலிக் கருவில் இவற்றை ஆர்.என்.ஏ. குறுக்கீட்டால் அடக்கியபோது நியூரான்கள் பாதி வழியில் நின்றன. ஆனால் டிசிடிசி2 மரபணுவையே நீக்கிய சுண்டெலிகளில் நகர்வு ஒழுங்காகவே நடந்தது. 2022-ல் டிஸ்லெக்சியா உள்ள 51,800 பேரைப் பத்து லட்சத்துக்கும் மேற்பட்ட மற்றவர்களோடு ஒப்பிட்டு 42 மரபணு இடங்களைக் கண்டார்கள். பழைய நட்சத்திர மரபணுக்கள் அங்கே சோபிக்கவில்லை. நகர்வுக் கோளாறே ஒற்றைக் காரணம் என்று இன்று சொல்வது கடினம்.

கேள்வி: ஆறு வயது மகன் ஆங்கில ‘பி’யையும் (b) ‘டி’யையும் (d) மாற்றி எழுதுகிறான். டிஸ்லெக்சியாவா?

பதில்: அதை வைத்துச் சொல்ல முடியாது. இடவலம் மாறினாலும் பொருள் ஒன்றே என்று பார்ப்பது கண்ணின் பழைய வழக்கம். அந்த வயதில் பலரும் செய்வார்கள். ‘படம்’ என்பதில் முதல் ஒலியை எடுத்தால் மிச்சம் என்ன என்று கேட்டுப் பாருங்கள். அங்கே தொடர்ந்து தடுமாறினால் பரிசோதனைக்கு அழைத்துப் போங்கள்.

கேள்வி: இத்துறைக்கு வர என்ன படிக்க?

பதில்: எம்.பி.பி.எஸ். முடித்து நரம்பியல், அல்லது உயிரியல், உளவியல் வழியாக முனைவர் பட்டம். புள்ளியியலும் நிரல் எழுதுவதும் இரண்டு வழிக்கும் வேண்டும். உடற்கூறியலைத் தள்ளிப்போடாதீர்கள், ஸ்கேன் படத்தில் மடிப்பை அடையாளம் தெரியாதவருக்கு எண்கள் உதவாது. சென்னை ஐ.ஐ.டி.யின் சுதா கோபாலகிருஷ்ணன் மூளை மையம் 2024-ல் ‘தாரணி’ என்ற பெயரில் கர்ப்பத்தின் இரண்டாம் மூன்று மாதக் காலத்துச் சிசு மூளைகளின் 5,132 வெட்டுகளை இணையத்தில் இலவசமாக வைத்தது. கலபுர்டா சந்தேகித்த அதே பருவம். அதைத் திறந்து அடுக்குகளை எண்ணிப் பழகுங்கள்.