துரோகி என்று ஒரே சொல்லில் முடித்துவிடலாமா?

கேள்வி: சென்ற இதழின் ஷாங்காய் சினிமா கட்டுரையில் ஜாங் ஷான்குன் என்ற தயாரிப்பாளரை வாயார மெச்சியிருந்தீர்கள். ஜப்பான் ராணுவம் ஊரைப் பிடித்து வைத்திருந்தபோது அவர்களோடு சேர்ந்து படம் எடுத்தவர் அவர். சொந்த நாட்டுக்காரர்களே துரோகி என்றார்கள். அப்படிப்பட்டவருக்கு நான்கு பக்கம் எதற்கு?
— ஒரு வாசகர், திருநெல்வேலி

பதில்: கேட்க வேண்டிய கேள்விதான். ஆனால் 'சொந்த நாட்டுக்காரர்களே' என்கிறீர்களே, அங்கேதான் நாம் கொஞ்சம் நிற்க வேண்டும். எந்த ஆண்டில், எந்த ஊரிலிருந்து சொன்னார்கள்? ஜாங் மீது அந்தப் பழி முதலில் விழுந்தது 1940 ஜனவரியில். அவர் ஜப்பானியரோடு சேர்ந்து நடத்திய கூட்டுக் கம்பெனி உருவானது 1942-இல்தான்.

முதலில் ஆளைப் பற்றிச் சொல்லிவிடுகிறேன். ஜெஜியாங் மாகாணத்துக்காரர். ஷாங்காயில் படித்து, ஒரு சிகரெட் கம்பெனியில் விளம்பர வேலை பார்த்து, பிறகு நாடகக் கொட்டகை நடத்தினார். 1934-இல் சின்ஹுவா என்று சொந்தமாகப் படக் கம்பெனி தொடங்கினார். விளம்பரம் அவருக்குக் கை வந்த கலை. 1937-இல் அவர் தயாரித்த ஒரு பேய்ப் படத்துக்குத் தியேட்டர் வாசலில் பிரம்மாண்டமான பேனர் வைத்து, பேயின் கண்ணில் பச்சை விளக்கு எரியவிட்டார். அதைப் பார்த்து ஒரு குழந்தை பயந்தே செத்துப்போனதாக ஊரெல்லாம் பேச்சு. அந்தப் பேச்சே படத்துக்கு இன்னும் கூட்டம் சேர்த்தது.

அதே ஆண்டு நவம்பரில் ஷாங்காயின் சீனப் பகுதிகள் ஜப்பானியர் கையில் விழுந்தன. நடுவில் வெளிநாட்டவர் நிர்வாகத்தில் இருந்த சர்வதேசக் குடியிருப்பையும் பிரெஞ்சுப் பகுதியையும் மட்டும் அவர்கள் தொடவில்லை. சுற்றிலும் எதிரி, நடுவில் ஒரு துண்டு நிலம். 'அநாதைத் தீவு' என்றே அதற்குப் பெயர் வந்தது. சினிமாக்காரர்களில் பலர் உள்நாட்டுக்கும் ஹாங்காங்குக்கும் கிளம்பிவிட்டார்கள். ஜாங் கிளம்பவில்லை.

1939-இல் முலான் கதையைப் படமாக்கினார். அப்பாவுக்குப் பதிலாக ஆண் வேடத்தில் போருக்குப் போகிற பெண்ணின் பழங்கதை. திரைக்கதை ஓயாங் யூச்சியன், இயக்கம் பு வான்சாங். கதாநாயகியாக ஹாங்காங்கிலிருந்து சென் யுன்ஷாங்கை அழைத்து வந்தார். ஷாங்காயில் 85 நாள் ஓடியது. படத்தில் ஓர் இடம் உண்டு. தளபதியின் பக்கத்திலேயே இருக்கிற ஆலோசகன் எதிரியோடு ரகசியத் தொடர்பு வைத்திருக்கிறான். முலான் எச்சரிக்கிறாள், தளபதி காதில் வாங்கவில்லை. அவள் எதிரி நாட்டுப் பெண் வேடத்தில் போய் வேவு பார்த்துவிட்டு வருகிறாள். ஜப்பானிய ராணுவம் தெருமுனையில் நிற்கிற ஊரில், கொட்டகை நிறைய உட்கார்ந்திருந்த சனத்துக்கு இது யாரைப் பற்றிய கதை என்று யாரும் விளக்க வேண்டியிருக்கவில்லை.

இந்தப் படம் 1940 ஜனவரியில் சீன அரசின் அன்றைய போர்க்காலத் தலைநகரான சுங்கிங்குக்குப் போனது. தணிக்கை அனுமதியோடுதான் திரையிட்டார்கள். காட்சியின் நடுவே ஒரு கூட்டம் எழுந்து, இது எதிரிக்குத் துணைபோகிறவர்கள் எடுத்த படம் என்று கத்தி, படச்சுருளைப் பிடுங்கிக்கொண்டு போய்த் தெருவில் போட்டுக் கொளுத்தியது. கூட இருந்தே காட்டிக்கொடுப்பவனைத் தோலுரிக்கிற படத்தைத்தான் துரோகப் படம் என்று எரித்தார்கள். ஷாங்காயை விட்டுப் போக முடிந்தவர்கள் போகாதவர்களை எல்லாம் சந்தேகப்பட்டதன் விளைவு அது. அந்தச் சந்தேகத்தைத்தான் இன்று உங்கள் கடிதத்திலும் பார்க்கிறேன், கோபித்துக்கொள்ள வேண்டாம்.

இன்னொரு படத்தையும் சொல்ல வேண்டும். 1941-இல் வான் சகோதரர்கள் எடுத்த 'இரும்பு விசிறி இளவரசி', ஆசியாவின் முதல் முழுநீளக் கார்ட்டூன் படம். அதற்குப் பணம் போட்டவரும் ஜாங்தான். கதை சீனப் பழங்கதையான குரங்கரசன் கதை; ஆனால் முடிவில் காளை அரக்கனை வீழ்த்துவது ஊர் சனம் முழுவதும் ஒன்றாகத் திரண்ட பலம். பிற்பாடு ஜப்பானில் காமிக்ஸ் கலையையே மாற்றிப்போட்ட ஒசாமு தெசுகா, சிறுவனாக இந்தப் படத்தைப் பார்த்து மயங்கியவர். ஒற்றைச் சொல்லால் ஜாங்கைத் தள்ளினால் இதையும் சேர்த்துத்தான் தள்ள வேண்டியிருக்கும். அதற்கு எனக்கு மனம் வரவில்லை.

சரி, 1942-க்கு வருவோம். 1941 டிசம்பர் 8-ஆம் தேதி ஜப்பான் படை சர்வதேசக் குடியிருப்புக்குள்ளும் நுழைந்தது. அடுத்த ஏப்ரலில் ஷாங்காயின் படக் கம்பெனிகள் பன்னிரண்டை ஒன்றாக்கி 'சோங்லியன்' என்று ஒரே கம்பெனி ஆக்கினார்கள். ஜப்பான் தரப்பில் அதைப் பார்த்துக்கொண்டவர் கவாகிதா நாகமாசா. பீக்கிங் பல்கலைக்கழகத்தில் படித்தவர், சீனம் நன்றாகப் பேசுவார். ஜப்பானியர் பிடித்திருந்த ஊர்களில் திரையிட முலான் படத்தை வாங்கிக்கொண்டவரும் அவரே. கம்பெனியின் பொது மேலாளர் நாற்காலியில் உட்கார்ந்தவர் ஜாங் ஷான்குன்.

இங்கே உங்கள் பக்கம் நியாயம் இருக்கிறது. வேறு வழியே இல்லை என்று ஜாங்குக்காக வாதாட நான் தயாராக இல்லை. வழி இருந்தது. இயக்குநர் ஃபெய் மூ சினிமாவையே விட்டு நாடக மேடைக்குப் போனார். பெரும் நடிகர் மெய் லான்ஃபாங் மீசை வளர்த்துக்கொண்டார். பெண் வேடம் கட்டுகிறவர் மீசை வைத்தால் யாரும் மேடைக்குக் கூப்பிட முடியாது. அவர்கள் வருமானத்தை இழந்தார்கள். ஜாங் ஸ்டூடியோவை இழக்க விரும்பவில்லை.

அப்படி நடத்திய ஸ்டூடியோவில் என்ன எடுத்தார் என்பதையும் பார்த்துவிட வேண்டும். பெரும்பாலும் காதல் கதை, குடும்பக் கதை. ஜப்பான் வாழ்க என்று முழங்குகிற படங்கள் மிகக் குறைவு. 1943-இல், பத்தொன்பதாம் நூற்றாண்டில் பிரிட்டன் சீனா மீது தொடுத்த அபினிப் போரைப் பற்றி ஒரு பெரிய படம் வந்தது. இயக்குநர்கள் பட்டியலில் ஜாங் பெயரும் உண்டு. பிரிட்டிஷ்காரனைத் திட்டுகிற படம் என்பதால் ஜப்பானியருக்கு அது பிடித்தது. அந்நியன் ஆயுதத்தோடு வந்து இறங்குகிறான், சீன அதிகாரி லின் ஜெசூ எதிர்த்து நிற்கிறார் என்பதைப் பார்த்த ஷாங்காய்க்காரர்களுக்கு வேறு அந்நியன் நினைவுக்கு வந்திருக்க மாட்டானா? அபினிக் கூடத்தில் மிட்டாய் விற்றுக்கொண்டே பாடுகிற பெண்ணாக லி சியாங்லான் நடித்தார். சீனப் பெண் என்று ஊர் நம்பிய அந்த நடிகை, மஞ்சூரியாவில் பிறந்த ஜப்பானியப் பெண். இயற்பெயர் யமாகுச்சி யோஷிகோ. போருக்குப் பிறகு ஷாங்காயில் துரோக வழக்கில் சிக்கி, பிறப்பால் ஜப்பானியர் என்று நிரூபித்துத்தான் தப்பினார்.

அப்புறம், போரின் கடைசிக் கட்டத்தில் ஜாங்கையே ஜப்பானிய ராணுவப் போலீஸ் பிடித்தது. என்ன குற்றம்? சுங்கிங் அரசோடு ரகசியத் தொடர்பு. முலானை எரித்த அதே சுங்கிங். வெளியே வந்து, போர் முடிந்ததும் அவர் சந்தித்தது எதிரியோடு கூடிய துரோகி என்ற குற்றச்சாட்டை. 1946-இல் ஹாங்காங் போய்ச் சேர்ந்தார்.

அங்கே லி சூயோங் என்ற பணக்காரரோடு சேர்ந்து 1947-இல் யோங்ஹுவா ஸ்டூடியோவை உருவாக்கினார். அதன் முதல் பெரிய படம், மங்கோலியருக்குத் தலைவணங்க மறுத்து உயிரை விட்ட சோங் அரச வம்சத்து அமைச்சர் வென் தியன்சியாங்கின் கதை. இயக்கம், முலான் எடுத்த அதே பு வான்சாங். அந்தக் கதையை அவர்கள் தேர்ந்தெடுத்ததில் எவ்வளவு வலி இருந்திருக்கும் என்று எனக்குத் தோன்றிக்கொண்டே இருக்கிறது. அதே ஸ்டூடியோவில் 1948-இல் ஜூ ஷிலின் எடுத்த அரண்மனைப் படத்தை மாவோ தேசத்துரோகப் படம் என்றார். 1967-இல் அந்தப் படத்தை வைத்தே அன்றைய சீன அதிபர் லியூ ஷாவோச்சியைக் கவிழ்க்கக் கட்டுரை எழுதினார்கள். 'தேசபக்தியா, தேசத்துரோகமா' என்பதுதான் அந்தக் கட்டுரையின் கேள்வி. அந்தச் சொல்லை யார் யார் கையில் எடுத்திருக்கிறார்கள், பாருங்கள்.

ஜாங் பிறகு சாங்செங் என்ற படக் கம்பெனியைத் தொடங்கினார். அது இடதுசாரிகள் கைக்குப் போனது. சின்ஹுவாவை மறுபடி எழுப்பினார். தைவானில் இருந்த தேசியவாத அரசின் பக்கம் சாய்ந்து புரட்சித் தியாகிகளைப் பற்றிப் படம் எடுத்தார். வண்ணப் படங்களுக்காக ஜப்பான் போய்வரத் தொடங்கினார். 1957-இல் ஜப்பானிலேயே இறந்தார். ஐம்பதைத் தாண்டிய வயதுதான். கம்பெனியை அவர் மனைவி, நடிகை டோங் யுவேஜுவான் தொடர்ந்து நடத்தினார்.

நான்கு பக்கம் எதற்கு என்றீர்கள். அதற்கான பதில் மேலே இருக்கிறது. ஒரு பக்கத்தையும் நான் திரும்பப் பெறவில்லை. ஆனால் அந்தக் கட்டுரையில் 1942 முதல் 1945 வரை நாங்கள் ஒதுக்கியது ஆறே வரி. ஃபெய் மூ பெயரே அதில் இல்லை. அது எங்கள் தவறு. அடுத்த இதழில் அந்த ஆண்டுகளைப் பற்றித் தனிக் கட்டுரை வருகிறது. ஸ்டூடியோவில் இருந்தவர்கள், விலகியவர்கள் இரு தரப்பும் அதில் இருப்பார்கள். படித்துவிட்டு இன்னொரு கடிதம் எழுதுங்கள்.