புழுவுக்குத் தலை எந்தப் பக்கம்?

அண்ணனுக்கு வணக்கம்.

முட்டம் பாறையில் நெளிநெளியாக ஓடும் வெள்ளை வரிகளைக் காட்டி, "அம்மா, புழு ஃபாசில்" என்கிறான் ஏழாம் வகுப்பு படிக்கும் என் மகன். நாகர்கோவிலில் நீங்கள் ஹாலுசிஜீனியா என்ற ஆதிகாலக் கடல் புழுவின் ஃபாசில் (கல்லில் பதிந்த உயிர்த்தடம்) பற்றிப் பேசியதைக் கேட்டதால் வந்த வினை. எனக்கு வேறொரு சந்தேகம். ஒரு புழுவை 14 வருஷம் தலைகீழாக நிற்க வைத்திருந்தவர்கள் அதற்குச் சொல்லும் 50 கோடி வருஷ வயதுக் கணக்கை எப்படி நம்புவது?

குளச்சலிலிருந்து ஒரு வாசகி

அன்புள்ள தங்கைக்கு,

முதலில் மருமகனுக்கு. அது புழு இல்லை, குவார்ட்ஸ், ஃபெல்ட்ஸ்பார் என்ற கனிமங்கள். நம்மூர்ப் பாறைகள் சுமார் 55 கோடி ஆண்டுகளுக்கு முன் பூமிக்கடியில் வெந்து உருமாறியவை. அந்தச் சூட்டில் புழு மிஞ்சாது. பையன் முகம் வாடினால் ஓர் ஐஸ் வாங்கிக் கொடுங்கள்.

ஹாலுசிஜீனியா கிடைத்தது கனடாவின் பர்ஜஸ் ஷேல் என்ற பாறை அடுக்கில். விரல் நீளம்கூட வராது. 1977இல் ஃபாசில் ஆய்வாளர் சைமன் கான்வே மாரிஸ் பார்த்த கல்லில் ஒரே வரிசைக் கால்தான் தெரிந்தது. ஒற்றை வரிசைக் காலை வைத்துக்கொண்டு எது நடக்கும்? ஜோடி ஜோடியாக இருந்தவை முட்கள். அப்படியானால் அவைதான் கால்கள் என்று வரைந்துவிட்டார். தப்புதான், ஆனால் அந்த நியாயம் எனக்கு இன்றும் பிடிக்கும். 1991இல் ராம்ஸ்கோல்டும் ஹோ ஷியான்குவாங்கும் சீனத்து ஃபாசில்களோடு ஒப்பிட்டுப் புழுவைப் புரட்டிப் போட்டார்கள். அடுத்த வருஷம் ராம்ஸ்கோல்ட் கல்லைச் சுரண்ட, உள்ளே இருந்தது இரண்டாம் வரிசைக் கால்கள்.

அப்போதும் தலை தெரியவில்லை. தலை என்று நினைத்த கரும்பொட்டு, புதையும்போது பின்பக்கமாகப் பிதுங்கிய உடல்நீர். 2015இல் ஸ்மித்தும் காரனும் எலக்ட்ரான் மைக்ரோஸ்கோப்பில் மறுமுனையைப் பார்த்தார்கள். இரண்டு கண்கள், வாயில் வட்டமாகப் பற்கள்.

சிப்பி ஆயும்போது நாருக்குள்ளிருந்து புழு நெளிந்து வருமே, பார்த்திருப்பீர்கள். எந்தப் பக்கம் ஊர்கிறதோ அதுதான் தலை என்று நம்பி வாலைப் பிடித்தேன். வால் கிள்ளியது! உயிருள்ள புழுவிலேயே என் லட்சணம் இது.

வயதுக் கணக்குக்கும் புழு எப்படி நின்றது என்பதற்கும் சம்பந்தமில்லை. அது பாறை அடுக்கின் வயது. கூடக் கிடக்கும் ட்ரைலோபைட்டுகள் (ஓடுள்ள பழங்காலக் கடல் உயிரிகள்) வேறிடங்களில் எந்த அடுக்கில் வருகின்றனவோ, அந்த அடுக்குகளின் கதிரியக்கக் கணக்கோடு பொருத்திச் சொல்வது. புழுவை எப்படிப் புரட்டினாலும் அது மாறாது.

லீவுக்கு மருமகனைப் பெரம்பலூர் பக்கம் காரை கிராமத்துக்குக் கூட்டிப் போங்கள். சுமார் 10 கோடி வருஷத்துப் புழுக்கூடுகள், சுருண்ட சின்னச் சுண்ணாம்புக் குழல்கள், தரையிலேயே கிடக்கும். குழல் மட்டும்தான், உள்ளே இருந்த புழு இல்லை. அதனால் தலைச் சண்டையும் இல்லை.