சாம்பியன் பெற்றோரின் குட்டி என்றால் போதுமா?

கேள்வி: ராஜபாளையம் இனக் குட்டி ஒன்றை வாங்கி வளர்த்து, நாய்க் கண்காட்சிப் போட்டிகளில் பங்கேற்க விரும்புகிறேன். குட்டியின் தாயும் தந்தையும் சாம்பியன்கள் என்று விற்பவர் கூறுகிறார். ஆறு வாரக் குட்டியை இப்போதே எடுத்துச் செல்லலாம், சான்றிதழைப் பிறகு வாங்கித் தருகிறேன் என்கிறார். முன்பணம் கொடுக்கலாமா?

பதில்: இப்போது கொடுக்க வேண்டாம். விற்பனைக்காக நாய் வளர்ப்போருக்கான 2017-ஆம் ஆண்டின் மத்திய அரசு விதிகள், எட்டு வாரம் நிறையாத குட்டியை விற்பதைத் தடை செய்கின்றன. விற்பவர் மாநில விலங்கு நல வாரியத்தில் பதிவு பெற்றிருக்க வேண்டும் என்றும் அவை கூறுகின்றன. அந்தப் பதிவுச் சான்றை முதலில் கேளுங்கள்.

இன நாய்களைப் பதிவு செய்து சான்றிதழ் தரும் அமைப்பு, சென்னையைத் தலைமையிடமாகக் கொண்ட கென்னல் கிளப் ஆஃப் இந்தியா. அதில் ஈற்றை, அதாவது ஒரே பிரசவத்தில் பிறந்த குட்டிகளை, பதிவு செய்ய வேண்டியவர் வளர்ப்பாளர்தான். எனவே தாய், தந்தை இரண்டின் பதிவுச் சான்றிதழ்களையும் இப்போதே பார்த்து, அவற்றிலுள்ள மைக்ரோசிப் (நாயின் தோலுக்கடியில் செலுத்தப்படும் அடையாளச் சில்லு) எண்ணும் நாயைச் சோதிக்கும்போது ஸ்கேனரில் தெரியும் எண்ணும் ஒன்றாக உள்ளனவா என ஒப்பிடுங்கள். பெற்றோரின் ஆவணத்தைக் காட்டத் தயங்குபவர் குட்டிக்குப் பின்னர் வாங்கித் தருவார் என்று நம்புவதற்கு எந்த அடிப்படையும் இல்லை.

சாம்பியன் பட்டம் அதை வென்ற நாய்க்கு உரியது. நடுவர் ஒவ்வொரு நாயையும் அதன் இனத்துக்கு வகுக்கப்பட்ட இலக்கணத்தோடு ஒப்பிட்டு, உடலமைப்பு, பல்வரிசை, நடை, குணம் ஆகியவற்றைப் பார்த்தே மதிப்பிடுகிறார். நிலைப்பற்கள் நான்காம் மாதத்தை ஒட்டித்தான் முளைக்கத் தொடங்குகின்றன. ஆண் நாயாக இருந்தால் இரு விதைகளும் முழுமையாக இறங்கியிருக்க வேண்டும். ஆகவே, ‘ஷோ குவாலிட்டி’ (கண்காட்சிப் போட்டிக்குரிய தரம்) என்று சொல்லி ஆறு வாரக் குட்டிக்குக் கூடுதல் விலை கேட்பது வெறும் ஊகத்துக்கு விலை கேட்பதாகும்.

ராஜபாளையம் வாங்குவோர் இவை எல்லாவற்றையும்விடக் கவனிக்க வேண்டியது செவித்திறன். நிறமியின்மையோடு தொடர்புடைய பிறவிச் செவிட்டுத்தன்மை இந்த வெள்ளை இனத்தில் காணப்படுகிறது. செவிட்டுக் குட்டி, உடன்பிறந்தவற்றின் அசைவைப் பார்த்துத் தானும் திரும்புவதால் குறை எளிதில் மறைந்துவிடும். குட்டியைத் தனியே விட்டு, அதன் பார்வையில் படாமல் பின்னாலிருந்து ஒலி எழுப்பிப் பாருங்கள். ஒரு காது மட்டும் கேளாத குட்டி இதிலும் தப்பிவிடும். ஒலிக்கு மூளை காட்டும் மின் எதிர்வினையை ஒவ்வொரு காதுக்கும் தனித்தனியே அளக்கும் மூளைத்தண்டு செவித்திறன் சோதனைதான் (BAER) அதை உறுதியாகக் காட்டும். அழகுக்காகவே வெள்ளைக் குட்டிகளைத் தேர்ந்தெடுக்கும் நம் வாங்குவோர் இந்தச் சோதனையைக் கேட்கத் தொடங்கினால் வளர்ப்பாளர்களும் பொறுப்போடு இனப்பெருக்கம் செய்வார்கள்.

எட்டு வாரம் நிறைந்த பின் இவை சரியாக இருந்தால், மைக்ரோசிப் எண், தடுப்பூசி விவரம், சான்றிதழ் தரப்படும் தேதி, தராவிட்டால் திருப்பித் தர வேண்டிய தொகை ஆகியவற்றை எழுதிய ரசீதைப் பெற்றுக்கொண்டு பணம் கொடுங்கள். நுகர்வோர் ஆணையத்தை நாட நேர்ந்தால் அந்த ரசீது உங்களுக்கு முக்கியமான ஆதாரமாகும்.