நர்ஷகி 959-இல் இறந்தவர், 12-ஆம் நூற்றாண்டு எப்படி வந்தது?

நண்பரே, நர்ஷகி எழுதிய 'புகாரா வரலாறு' நூலில் (புகாரா இன்றைய உஸ்பெகிஸ்தானில் உள்ள நகரம்) 12-ஆம் நூற்றாண்டு அரசர் அர்ஸ்லான் கான் கட்டிய பள்ளிவாசலைப் பார்த்ததும் நூலே போலியோ என்று கேட்டிருந்தீர்கள். போலி இல்லை, பயப்படாதீர்கள். நீங்கள் படிப்பது நர்ஷகி எழுதியது மட்டும் அல்ல. அவர் 943 வாக்கில் அரபியில் எழுதி அப்போது புகாராவை ஆண்ட சாமானிய வம்சத்து அரசர் நூஹுக்குக் கொடுத்த மூலம் இன்று கிடைக்கவில்லை. 1128-இல் குபாவி என்பவர் அதைப் பாரசீகத்தில் பெயர்த்தார். மக்களுக்கு அரபி நூல்களில் ஆர்வமில்லை, அதனால் நண்பர்கள் கேட்டார்கள் என்று அவரே சொல்கிறார். சலிப்பூட்டியதை வெட்டினார், தன் காலத்துச் செய்திகளைச் சேர்த்தார். 1178-இல் முகம்மது இப்னு ஜுஃபர் என்பவர் மறுபடி சுருக்கினார். அதற்குப் பிறகும் சிலர் கைவைத்திருக்கிறார்கள். மங்கோலியர் படையெடுப்பு வரை செய்தி வருகிறது.

ஆகவே கட்டுரையில் 'நர்ஷகி கூறுகிறார்' என்று மொட்டையாக எழுதாதீர்கள். 'நர்ஷகி, குபாவியின் பாரசீக வடிவில்' என்று எழுதுங்கள். 959-க்குப் பிந்தைய செய்தி எதுவும் நர்ஷகியுடையது அல்ல.

அப்புறம், புகாராவின் காத்தூன் அரசி வரும் பகுதியைத் தவறவிடாதீர்கள். மகன் கைக்குழந்தை, அதனால் அவளே ஆண்டாள். அவள் தினமும் குதிரையேறிக் கோட்டை வாசலுக்கு வெளியே வந்து அமர்ந்து வழக்குக் கேட்பாள். எதிரே தங்க இடைவார் கட்டி, வாளேந்தி 200 இளைஞர்கள் நிற்பார்கள். எனக்கு அந்த நூலில் மிகப் பிடித்த இடம் அதுதான்.