1926இன் வெள்ளைப் பாம்பு எங்கே?

அன்புள்ள ஆசிரியருக்கு,

ஷாங்காயின் தியான்யி நிறுவனம் 1926இல் வெள்ளைப் பாம்பு என்ற சீன நாட்டார் கதையைப் படமாக்கியது என்று எழுதியிருந்தீர்கள். யூடியூபில் அந்தப் பெயரில் ஒரு கறுப்பு வெள்ளைப் படம் கிடைத்தது. பாட்டும் பேச்சும் இருக்கின்றன. அதுதானா இது?

– எஸ்., பினாங்கு

அன்புள்ள எஸ்.,

அது இல்லை. 1926 படம் மௌனப் படம். சீனாவில் பேசும் படம் வந்ததே 1931இல்தான். பின்னணி இசையை யாராவது பிறகு சேர்த்திருக்கலாம். ஆனால் உதட்டசைவோடு பேச்சு ஒத்துப்போனால் அது வேறு படம். டைட்டில் கார்டையும், அதாவது காட்சிகளுக்கு நடுவே வசனத்தைக் காட்டும் எழுத்து அட்டையையும், பாருங்கள். அக்காலக் கார்டில் எழுத்து மேலிருந்து கீழாக, வரிகள் வலமிருந்து இடமாகப் போகும். 1956க்குப் பின் வந்த எளிய வடிவச் சீன எழுத்து தென்பட்டால், அந்தக் கார்டு பிற்காலத்தில் செருகியது.

ஹூ தியே நடித்த அந்தப் படத்தின் பிரதி எதுவும் மிஞ்சியதாகத் தெரியவில்லை. அன்றைய நைட்ரேட் சுருள் எளிதில் தீப்பிடிக்கும். எரியாமல் தப்பினாலும் நாளடைவில் பிசுபிசுத்துப் பொடியாகும். போதாததற்கு 1932 ஜனவரியில் ஜப்பானியக் குண்டுவீச்சில் ஷாங்காயின் சாபெய் பகுதியே எரிந்தது, ஸ்டூடியோக்களோடு.

இந்த இழப்பு சாதாரணமானதல்ல. தியான்யியின் ஷாவ் சகோதரர்கள் அதே 1926இல் லியாங்–சூ காதல் கதையையும் மெங் ஜியாங்னூ கதையையும் எடுத்தார்கள். உங்கள் மலாயாச் சந்தையும் அவர்கள் கணக்கில் இருந்தது. அங்கே சீனர்களிடையே ஹொக்கியன், கான்டனீஸ், தியோச்சியூ என்று ஆளுக்கொரு பேச்சு. மௌனப் படத்துக்கு அது தடையே இல்லை: பேச்சு வேறானாலும் கார்டிலுள்ள சீன எழுத்து எல்லோருக்கும் பொது, படிக்கத் தெரியாதவருக்கும் கதை கூத்து மேடையிலிருந்தே தெரியும். நாட்டார் கதையைத் தேர்ந்தது கெட்டிக்காரத்தனமான முடிவு என்றே சொல்வேன்.

தொலைந்த அந்தப் படத்துக்குப் பதிலாக, தான் துயூ இயக்கிய 1927ஆம் ஆண்டுப் படம் ‘பான்ஸி தோங்’ பாருங்கள். ‘மேற்குப் பயணம்’ என்ற பழைய சீனக் கதையில், துறவி சுவான்சாங்கைச் சிலந்திப் பெண்கள் குகையில் சிறைபிடிக்கும் பகுதி அது. 1929இல் ஆஸ்லோவில் ஓடிய பிரதி, 2011இல் நார்வே தேசிய நூலகத்தில் கிடைத்தது. கார்டுகளில் சீனமும் நார்வீஜியமும் இருக்கும். தொடக்கப் பகுதி தொலைந்துவிட்டது, எனவே கதையை முன்கூட்டியே படித்துக்கொள்ளுங்கள்.

மௌனப் படங்களில் ஆட்கள் ஓட்டமும் நடையுமாகத் தெரிந்தால் வேகம் தவறு. 1,000 அடிச் சுருளில் 16,000 பிரேம்கள். வினாடிக்கு 16 வீதம் ஓட்டினால் 16 நிமிடம் 40 வினாடி; இன்றைய 24 வீதத்தில் 11 நிமிடத்தில் முடிந்துவிடும். பிளேயரில் வேகத்தை 0.75க்கு இறக்குங்கள், ஏறக்குறைய 18 பிரேம் கணக்கு வரும். நடை சீராகும்.