பிறப்புச் சான்றிதழில் கை வைக்காதீர்கள்

கேள்வி: என் மகள் பிளஸ் ஒன் படிக்கிறாள். பிறந்தது 06.12.2009. பிறப்புச் சான்றிதழிலும் அப்படித்தான் இருக்கிறது. ஆனால் பத்தாம் வகுப்பு மதிப்பெண் சான்றிதழில் 12.06.2009 என்று அச்சாகி வந்திருக்கிறது. அதைத் திருத்த அலைவதைவிட, பிறப்புச் சான்றிதழை அதற்கேற்ப மாற்றி வாங்கிவிடுங்கள் என்கிறார் தெரிந்தவர் ஒருவர். செய்யலாமா?

பதில்: வேண்டவே வேண்டாம், சகோதரி. உங்களிடம் சரியாக இருக்கும் காகிதம் அது ஒன்றுதான். அதையும் கெடுத்துக்கொண்டால் பிறகு எதைக் காட்டிப் பேசுவீர்கள்? தெரிந்தே பொய்த் தகவல் கொடுத்துப் பிறப்புப் பதிவை மாற்றுவது 1969-ஆம் ஆண்டுப் பிறப்பு, இறப்புப் பதிவுச் சட்டப்படி குற்றமும்கூட. ஆதாரில் தேதியை மாற்றினால் போதும் என்றும் சிலர் சொல்வார்கள். ஆதார் அடையாளத்துக்குத்தான், பிறந்த தேதிக்குச் சான்று ஆகாது என்பதை உச்ச நீதிமன்றம் 2024-ல் ஒரு தீர்ப்பில் எடுத்துச் சொல்லியிருக்கிறது.

முதலில் தவறு எங்கே புகுந்தது என்று பாருங்கள். மகளை முதன்முதலில் சேர்த்த பள்ளிக்குப் போய், சேர்க்கைப் பதிவேட்டைக் காட்டச் சொல்லுங்கள். அதில் பிறந்த தேதியை எண்ணாலும் எழுத்தாலும் எழுதியிருப்பார்கள். எண்ணில் நாளும் மாதமும் இடம் மாறுவது சுலபம். எழுத்தில் 'டிசம்பர் ஆறு' என்று இருந்துவிட்டால் பாதிக் கவலை தீர்ந்தது. நீங்கள் கையெழுத்திட்ட சேர்க்கை விண்ணப்பம் கிடைத்தால் அதையும் கேட்டுப் பாருங்கள். அடுத்தடுத்த பள்ளிகள் டி.சி.யைப் பார்த்துத்தான் எழுதிக்கொள்ளும், அதனால் ஒரு இடத்துப் பிழை எல்லா இடத்துக்கும் போய்விடும்.

பதிவேட்டில் சரியாக இருந்து, பத்தாம் வகுப்புத் தேர்வுக்காகப் பள்ளி அனுப்பிய பெயர்ப் பட்டியலில் மட்டும் மாறியிருந்தால் அது எழுத்துப்பிழை. பத்தாம் வகுப்பு படித்த பள்ளியின் தலைமை ஆசிரியர் மூலமாக அரசுத் தேர்வுகள் இயக்ககத்துக்கு விண்ணப்பியுங்கள். பிறப்புச் சான்றிதழ், டி.சி., பதிவேட்டின் அந்தப் பக்கம் ஆகியவற்றின் சான்றொப்பமிட்ட நகல்களை இணையுங்கள். எது கொடுத்தாலும் ஒரு நகல் வீட்டில் இருக்கட்டும், ஒப்புகை இல்லாமல் எதையும் ஒப்படைக்காதீர்கள். அப்புறம், பிறப்புச் சான்றிதழில் மகளின் பெயர் ஏறியிருக்கிறதா என்றும் பாருங்கள். 'பெண் குழந்தை' என்று மட்டும் இருந்தால் முதலில் பெயரைப் பதிய வேண்டும்.

பதிவேட்டிலேயே தவறு என்றால் வேலை கூடும். பள்ளி தானாக அடித்துத் திருத்தித் தர முடியாது, அப்படித் தந்தாலும் வாங்காதீர்கள். சரியான பிறந்த தேதி இதுதான் என்று அறிவிக்கக் கோரி உரிமையியல் நீதிமன்றத்தில் வழக்குப் போட வேண்டியிருக்கலாம். இதில் காலவரம்பு உண்டு, அதனால் தள்ளிப்போடாமல் வழக்கறிஞரைப் பாருங்கள். பயப்பட வேண்டியதில்லை. 2021-ல் சி.பி.எஸ்.இ. தொடர்பான வழக்கில், பிறப்புச் சான்றிதழ் போன்ற பொது ஆவணத்தோடு திருத்தம் கேட்பவரை வாரியம் எடுத்த எடுப்பிலேயே மறுக்கக் கூடாது என்று உச்ச நீதிமன்றம் தெளிவாகச் சொல்லியிருக்கிறது.

ஒன்றை மட்டும் மனசாட்சியோடு யோசித்துப் பாருங்கள். சேர்க்கும்போது வயது போதவில்லை என்று நீங்களே ஜூன் மாதத் தேதியைச் சொன்னீர்களா? என் அக்காவுக்கு அப்படித்தான் ஆனது. ஐந்து வயது நிரம்ப மாதங்கள் இருந்தபோது, மே மாதத்தில் ஒரு தேதியை எழுதிச் சேர்த்துவிட்டார்கள். வீட்டில் ஒரு பிறந்தநாள், சான்றிதழில் ஒரு பிறந்தநாள் என்றே இன்றுவரை இருக்கிறாள். உங்கள் வீட்டிலும் அப்படி நடந்திருந்தால் வழக்கறிஞரிடம் மறைக்காமல் சொல்லுங்கள். சலுகைக்காக நீங்களே கொடுத்த தேதியை இப்போது மாற்றக் கேட்பது கடினமான வழக்கு. அவர் அதற்கேற்பத் தயாராக வேண்டும்.

எதுவானாலும் இந்த வாரமே தொடங்குங்கள். பிளஸ் டூ பெயர்ப் பட்டியல் போவதற்குள் முடியவில்லை என்றால் அந்தச் சான்றிதழிலும் ஜூன் மாதமே அச்சாகும், அப்புறம் இரண்டைத் திருத்த வேண்டிவரும். விண்ணப்பித்திருக்கும் விவரத்தை இப்போதைய தலைமை ஆசிரியரிடம் எழுத்தில் கொடுத்து வையுங்கள்.